அந்த வீடு யாருடைய வீடு?

படுவான்கரைப் பாடசாலை ஒன்றில், உயர்தர வகுப்பு மாணாக்கருக்கு ஒரு மாலைப்பொழுதிற் பழைய திரைப்படமொன்றைக் காட்ட நேர்ந்தது. சுவரில் வெள்ளைத் துணியைக் கட்டி, சாளரங்களைச் சாக்குகளால் மறைத்து, இரவல் வாங்கிய கருவியைக் கொண்டு காட்டிய படம். தாயின் இரண்டாங் கணவனாக வீட்டினுள் நுழையும் ஒருவன், தாயைக் கொன்றுவிட்டுப் பிள்ளைகளைத் துரத்தும் கதை. அச்சமூட்டும் படங்களைப் பார்த்துச் சிரித்துப் பழகிய இக்காலத்துப் பிள்ளைகள் இதனைப் பார்த்துச் சிரிக்கவில்லை. பிள்ளைகள் இருவரும் தோணியேறி ஆற்றோடு போகும் காட்சியில் வகுப்பறை முழுவதும் மூச்சடங்கியிருந்தது. குருமண்வெளித் துறையிலிருந்து மண்டூருக்குத் தோணியிற் போய்வந்த பிள்ளைகளுக்கு அந்த நீர் அந்நியமானதன்று.

படம் முடிந்தபின் பின்வாங்கிலிருந்த மாணவி ஒருத்தி எழுந்து கேட்டாள்: "அவ அவன வெளிய போகச் சொல்லியிருக்கலாந்தானே சேர்? வீடு அவட வீடுதானே?"

அக் கேள்விக்கு அன்று என்னால் விடை கூற இயலவில்லை. அமெரிக்கப் பட்டணமொன்றிற் பிறந்த பிள்ளை அக் கேள்வியைக் கேட்டிருக்குமா என்பது ஐயம். யாழ்ப்பாணத்திலோ தஞ்சாவூரிலோ பிறந்த பிள்ளைகூட அதனை அவ்வளவு இயல்பாகக் கேட்டிருக்குமா என்பதும் ஐயமே. மட்டக்களப்பு வாவியின் இரு கரைகளிலும் வாழும் பெண்ணின் வாயில் அக் கேள்வி தானாகவே பிறந்தது. வீடு பெண்ணுடையது என்பது அவளுக்கு விவாதத்துக்குரிய கருத்தன்று. கிணறும் வேலியும் போல அவள் பிறந்த நாளிலிருந்து கண்ட உண்மை. இக்கட்டுரை அவளுடைய கேள்விக்குப் பிந்தி எழுதப்படும் விடையாகும்.

1

படத்தின் பெயர் 'த நைட் ஒவ் த ஹன்டர்'. 'வேட்டைக்காரனின் இரவு' என்று நாம் கூறிக்கொள்ளலாம். 1955இல் வெளிவந்தது. சாள்ஸ் லோட்டன் என்னும் ஆங்கிலேய நடிகர் நெறிப்படுத்திய ஒரேயொரு திரைப்படம் இது. ஹொலிவூட்டின் அளவுகோலின்படி இது சிக்கனமான படம்; எட்டு இலட்சம் டொலருக்கும் குறைந்த செலவில் எடுத்து முடிக்கப்பட்டது. பணமின்மையே இதன் கலையாயிற்று என்றாலும் தவறில்லை. தொலைவானத்தின் ஓரத்திற் குதிரையேறி வரும் கொலைகாரனைக் காட்டுவதற்கு வெளியூர் போகவில்லை. படப்பிடிப்புக் கூடத்தினுள்ளேயே வானத்தை அமைத்து, குள்ளமான மனிதர் ஒருவரைச் சிறு மட்டக்குதிரையில் ஏற்றி, அருகிலிருப்பதைத் தொலைவாக்கிக் காட்டினார் ஒளிப்பதிவாளர் ஸ்ரான்லி கோட்டெஸ். நீரின் அடியிற் கூந்தல் பாசிபோல் அலைய அமர்ந்திருக்கும் தாயின் பிணம் மெழுகாற் செய்யப்பட்ட பாவை. இரத்தம் காட்டப்படவில்லை. நிழல், நீர், ஒரு பாட்டு ஆகிய மூன்றுமே அச்சத்துக்குப் போதுமாயிருந்தன.

கதை நடப்பது 1930களின் பொருளாதார மந்த காலத்தில், ஓகாயோ ஆற்றங்கரையிலுள்ள ஒரு சிற்றூரில். வேலையிழந்த பென் ஹாப்பர் என்பவன், தன் பிள்ளைகள் பசியால் தெருவில் அலையக் கூடாதென்று வங்கியைக் கொள்ளையிட்டு இருவரைக் கொல்கிறான். அகப்பட்ட பத்தாயிரம் டொலரை மகளின் துணிப்பொம்மைக்குள் மறைத்து, அதனை யாருக்கும் சொல்வதில்லையென்று மகன் ஜோனிடமும் மகள் பேர்ளிடமும் சத்தியம் வாங்கிவிட்டுத் தூக்குமேடை ஏறுகிறான். சிறையில் அவனோடு ஒரே அறையில் இருந்தவன் ஹரி பவல். வேதப் புத்தகத்தைக் கையிலேந்தித் திரியும் போலிப் போதகன். விதவைகளை மணந்து கொன்று அவர்களின் பொருளைக் கவர்வதே அவன் தொழில். பணம் அந்த வீட்டில் எங்கோ இருக்கிறதென்பதை ஊகித்துக்கொண்டு, விடுதலையானதும் ஊருக்கு வந்து விதவை வில்லாவை மணக்கிறான். றொபேட் மிச்சம் இந்த வேடத்தை நடித்தார்.

கதை வெறுங் கற்பனையன்று. மூல நாவலை 1953இல் எழுதிய டேவிஸ் கிறப், மேற்கு வேர்ஜீனியாவின் மௌண்ட்ஸ்வில் நகரிற் பிறந்தவர். அந் நகரின் சிறைச்சாலையில் 1932ஆம் ஆண்டு மார்ச் 18ஆம் திகதி ஹரி பவர்ஸ் என்பவன் தூக்கிலிடப்பட்டான். திருமணத் தொடர்பு நிலையங்களின் மூலம் விதவைகளுக்குக் கடிதமெழுதி, மணப்பதாக அழைத்துவந்து கொன்றவன் அவன். அவன் கொன்றவர்களில் ஒரு விதவையின் மூன்று குழந்தைகளும் அடங்குவர்.

இக்காலத்தை நாம் மறந்துவிடலாகாது. 1929இன் வீழ்ச்சிக்குப் பின் வந்த நான்காண்டுகளில் அமெரிக்காவில் ஆயிரக்கணக்கான வங்கிகள் மூடப்பட்டன. 1933இல் உழைப்பாளர் நால்வரில் ஒருவருக்கு வேலையில்லை. அந்நிலையில் பிள்ளைகளோடு தனித்துவிடப்பட்ட பெண்ணுக்கு, கணவன் என்பவன் அன்பின் பெயரால் வருபவனாக மட்டும் இருக்கவில்லை; கூலியின் பெயராலும் கூரையின் பெயராலும் வந்தான். படத்தில் வில்லாவை இரண்டாம் மணத்துக்குத் தள்ளுபவன் பவல் மட்டுமல்லன். அவளுக்கு வேலை கொடுத்திருக்கும் கடைக்காரரின் மனைவி ஐசி ஸ்பூன், ஆண் துணையின்றி இரண்டு பிள்ளைகளை வளர்த்தல் ஆகாதென்று ஓயாமல் நெருக்குகிறாள். ஊர் முழுவதும் அவள் பக்கமே நிற்கிறது. பவலை ஐயுறும் ஒரே ஆள் சிறுவன் ஜோன். அவனுடைய சொல் எந்தச் சபையிலும் ஏறவில்லை. நீரடியிற் பிணத்தைக் கண்ட ஏழைக் கிழவன் பேர்டிகூட, பழி தன்மேல் விழுமென்று அஞ்சி வாய்மூடிக்கொள்கிறான். பிற்பாடு உண்மை வெளிப்பட்டதும், நேற்றுவரை பவலைப் புகழ்ந்த அதே ஐசி ஸ்பூன் அவனை அடித்துக் கொல்லப் புறப்பட்ட கும்பலின் முன்னணியில் நிற்கிறாள். பேயைத் தானே வீட்டுக்குள் அனுப்பிவிட்டுப் பிறகு பேயோட்ட வரும் சமூகத்தை இதனைவிடத் தெளிவாகக் காட்டிய படம் அரிது.

வெளிவந்த காலத்திற் படம் தோல்வியடைந்தது. லோட்டன் 1962இல் இறக்கும்வரை வேறெந்தப் படத்தையும் நெறிப்படுத்தவில்லை. 1992இல் அமெரிக்கக் காங்கிரஸ் நூலகம் பேணிக்காக்கத்தக்க படங்களின் தேசியப் பட்டியலில் இதனைச் சேர்த்தது.

2

இனி நம்முடைய கதைகளுக்கு வருவோம். பெற்றோரின் புதிய துணை பிள்ளைக்குத் தீங்கு செய்யும் கதைகள் தமிழில் எண்ணிறந்தன. ஆனால் அவற்றுட் கொடியவள் பெரும்பாலும் பெண். காட்டுக்கு இராமனை அனுப்பியவள் கைகேயி. தந்தையின் மடியிலிருந்து துருவனை இறக்கிவிட்டவள் சுருசி. அசோகன் முதுமையில் மணந்த திஸ்ஸரக்கா போதிமரத்தைப் பட்டுப்போகச் செய்தாள் என்று மகாவம்சம் கூறுகிறது. அவளே தன் மாற்றாள் மகனாகிய குணாளனின் கண்களைப் பறித்தாள் என்று வடநாட்டுப் பௌத்த கதைகள் கூறுகின்றன.

குணாளன் கதைக்கு நெருங்கிய உறவுடையது சாரங்கதரன் கதை. இராசமகேந்திரபுரத்து அரசகுமாரன் பறக்கவிட்ட புறா, சிற்றன்னை சித்திராங்கியின் மாளிகைக்குட் போய்விடுகிறது. அதனை எடுக்கப் போனவன்மேல் அவள் மோகங்கொள்கிறாள். அவன் மறுக்கவே பழி சுமத்துகிறாள். தந்தை மகனின் கைகால்களை வெட்ட ஆணையிடுகிறான். சங்கரதாஸ் சுவாமிகள் காலத்து நாடக மேடையில் இக்கதை நிலைபெற்றிருந்தது. திரையிலும் அவ்வாறே. 1936இல் கே. சுப்பிரமணியம் நெறிப்படுத்த எம்.கே. தியாகராஜ பாகவதர் நடித்த 'நவீன சாரங்கதரா' வந்தது. 1958இற் சிவாஜி கணேசனும் பானுமதியும் நடித்த 'சாரங்கதரா' வந்தது. இக்கதையின் சில வடிவங்களில், சித்திராங்கிக்கு முதலிற் காட்டப்பட்டது இளவரசனின் படம். அவளை மணந்தவனோ அவனுடைய தந்தை. முதியவனுக்கு ஏமாற்றிக் கொடுக்கப்பட்ட இளம்பெண்ணின் நியாயத்தைக் கேட்கக் கதையில் ஒருவரும் இல்லை. அவள் பேயாக்கப்பட்டாள், முதியவன் மன்னிக்கப்பட்டான்.

மொழியும் இதற்குச் சான்று பகர்கிறது. மாற்றார் என்றாற் பகைவர். மாற்றாள் என்றாற் சக்களத்தி. மாற்றாந்தாய் என்னும் சொல்லினுள்ளேயே பகை குடியிருக்கிறது. அரசாங்கம் ஒரு மாகாணத்தைப் புறக்கணித்தால் 'மாற்றாந்தாய் மனப்பான்மை' என்று நம் மேடைகளும் பத்திரிகைகளும் இன்றும் முழங்குகின்றன. 'மாற்றாந்தந்தை மனப்பான்மை' என்று எவரும் முழங்கக் கேட்டதில்லை. மாற்றாந்தந்தை என்னும் சொல்லே சட்டப் பத்திரங்களுக்கும் அகராதிக்கும் உரியதேயன்றி நாள்வழக்குக்கு உரியதன்று.

காரணம் என்ன? பெண் இயல்பிலே கொடியவள் என்று கதை கேட்டவர்கள் நம்பியிருக்கலாம். வரலாறு அவ்வாறு கூறவில்லை. தந்தைவழிச் சமுதாயத்தில் நிலமும் வீடும் ஆணுடையவை. மனைவி இறந்தால் அவன் மறுமணம் செய்வான். புதியவளுக்கு ஓர் ஆண் பிள்ளை பிறந்தால் முதல் தாரத்துப் பிள்ளையின் பங்கு குறையும். அவளுக்கோ கணவனின் கருணையையும் தான் பெறும் மகனையும் தவிர வேறு பிடிமானமில்லை. எனவே ஒரு சொத்தின்மேல் இரு வயிறுகள் மோதுகின்றன. கைகேயி கேட்ட வரமும் சுருசி காத்த மடியும் அரியணைதானே. கைம்பெண்ணுக்கோ உயர்சாதியாரிடையே மறுமணமே மறுக்கப்பட்டிருந்தது. இந்தியாவில் 1856இற் சட்டம் அதனை அனுமதித்த பின்னரும் வழக்கம் இலகுவில் அனுமதிக்கவில்லை. மாற்றாந்தந்தை கதையில் வராமைக்குக் காரணம் அவன் நல்லவன் என்பதன்று. விதவையின் வீட்டு வாசல் அவனுக்கு அடைக்கப்பட்டிருந்தது என்பதே.

இந்த மரபை மறித்து ஒரு படம் வந்தது. 1966இல் கே.எஸ். கோபாலகிருஷ்ணன் நெறிப்படுத்திய 'சித்தி'. குடும்ப வறுமையால், தம்பியின் படிப்புக்காக, வயதுமுதிர்ந்த செல்வரை இரண்டாந்தாரமாக மணக்கும் பெண்ணாகப் பத்மினி நடித்தார், செல்வராக எம்.ஆர். ராதா நடித்தார். சிற்றன்னை இங்கே பிள்ளைகளைக் காப்பவள் ஆகிறாள். அக்காலத்துப் பெண்கள் இப்படத்தைக் கண்ணீரோடு வரவேற்றனர். எனினும் படம் தீர்வாகக் காட்டுவது அவளுடைய தியாகத்தை. அவளை அம் மணத்துக்கு விற்ற வறுமை எங்கிருந்து வந்தது என்னும் கேள்வி கண்ணீரிற் கரைந்துவிடுகிறது. பேயைத் தெய்வமாக்கினோம், வீட்டின் உறுதியை யாருடைய பெயரில் எழுதுவதென்று கேட்கவில்லை.

3

இப்போது வாவிக்கரைக்குத் திரும்புவோம். ஏறத்தாழ 56 கிலோமீற்றர் நீளமாகக் கடலோடு கடலாகக் கிடக்கும் இந்த உப்புநீர்ப் பரப்பு, மட்டக்களப்பு மண்ணை இரண்டாக வகுக்கிறது. ஞாயிறு எழும் பக்கம் எழுவான்கரை. படும் பக்கம் படுவான்கரை. எழுவான்கரையில் நெருக்கமான ஊர்கள், சந்தைகள், கந்தோர்கள். படுவான்கரையில் வட்டைகள், களங்கள், மேய்ச்சல் நிலங்கள். 1924இற் கட்டப்பட்ட கல்லடிப் பாலத்தின் கீழே மீன் பாடுகிறதென்று உலகம் அறியும். அந்தப் பாட்டைவிட வியக்கத்தக்க ஒன்று இக்கரைகளின் குடி வழக்கமாகும்.

இங்கே பிள்ளை தாயின் குடியைச் சேரும். ஒரே குடிக்குள் மணம் கூடாதாகையால், பெற்ற தந்தையே வேற்றுக் குடியினன். கோயிலிற் பங்கும் மரியாதையும் குடிவழியே வரும். கலிங்க மாகனின் காலத்தோடு இவ்வொழுங்கைத் தொடர்புபடுத்தும் ஐதிகங்களை, 1962இல் எவ்.எக்ஸ்.சி. நடராசா பதிப்பித்த 'மட்டக்களப்பு மான்மியம்' தாங்கி நிற்கிறது. வித்துவான் வீ.சி. கந்தையாவின் 'மட்டக்களப்புத் தமிழகம்' 1964இல் வெளிவந்து, இம்மண்ணின் வழக்கங்களைத் தமிழுலகுக்கு அறிமுகப்படுத்தியது. தமிழரிடையே மட்டுமன்றிக் கிழக்கின் முஸ்லிம் மக்களிடையேயும் தாய்வழிக் குடியும், பெண் வீட்டிற் கணவன் வந்து வாழும் வழக்கமும் உண்டு. மதத்தாற் பிரிந்த இரு மக்களும் மனை வழக்கத்தால் ஒன்றே என்பதை நம் அரசியல்வாதிகள் நினைவிற்கொள்வது நல்லது.

பழைய முக்குவர் சட்டத்தின்படி, முதுசம் எனப்பட்ட பரம்பரைச் சொத்து, ஆணின் சொந்தப் பிள்ளைகளுக்கன்றி அவனுடைய சகோதரியின் பிள்ளைகளுக்கே இறங்கியது. தானே தேடிய தேட்டத்தை மட்டும் அவன் விரும்பியவாறு கொடுக்கலாம். கிறிஸ்தோபர் பிறிற்றோ இச்சட்டத்தை 1876இல் நூலாக வெளியிட்டார். இதனுட் புதைந்திருக்கும் ஒரு விளைவை நோக்குக. தந்தை மறுமணம் செய்தாலும் பிள்ளையின் முதுசம் தாய்மாமனிடமிருந்து வருமாகையால், சிற்றன்னையின் பிள்ளை அதனைப் பறிக்க முடியாது. தாய் மறுமணம் செய்தாலும் பிள்ளையின் குடி மாறாது. வந்தவனுக்கு அக் குடியின் நிலத்தில் உரிமையுமில்லை. கைகேயிக்கும் வேலையில்லை, ஹரி பவலுக்கும் வேலையில்லை.

சட்டம் மறைந்தபின் வழக்கம் வேறுவடிவிற் பிழைத்தது. பெற்றோர் தம் வீட்டை மூத்த மகளுக்குச் சீதனமாக எழுதிக்கொடுத்து, அதே வளவிலோ அயலிலோ வேறொரு வீட்டுக்குப் பெயர்வர். அடுத்த மகளுக்கு அடுத்த வீடு. அக்காவும் தங்கையும் அம்மம்மாவும் கூப்பிடு தூரத்தில் வாழ்வர். இவ்வளவினுள்ளே மாப்பிள்ளை விருந்தாளியாக வந்து உறவாளியாகிறான். தாய் இறந்தாற் பிள்ளை தாயின் தங்கையிடம் வளரும். அவளுக்கும் பெயர் சித்திதான். இரண்டாங் கணவன் வந்தாலும் அவன்மேல் அம்மம்மாவின் கண் இருக்கும், பெரியம்மாவின் காது இருக்கும். அவனுடைய குரல் வேலிக்கு வெளியே உயர்ந்தால் நான்கு வாசல்கள் திறக்கும். அந்த மாணவி கேட்ட கேள்வியின் வேர் இங்கே இருக்கிறது.

இதனைப் பொற்காலமென்று பாடுவதற்கு நான் வரவில்லை. தாய்வழி என்பது தாயாட்சி அன்று. சொத்து பெண்வழி இறங்கினாலும் அதனை ஆண்டவர் மாமன்மாரே. இதே வகையான மருமக்கள் வழி, நாஞ்சில் நாட்டில் மனைவியையும் மக்களையும் எவ்வாறு தெருவில் நிறுத்தியதென்பதைக் கவிமணி தேசிகவிநாயகம் பிள்ளையின் 'மருமக்கள்வழி மான்மியம்' எள்ளலோடு காட்டியது. 1926இல் அங்கே சட்டமே மாற்றப்பட்டது. நம் மண்ணிலும் மகளுக்கு வீடு கட்டுவதற்காக உழைத்து ஓய்ந்த தந்தையரும், தங்கைமாருக்குச் சீதனம் சேர்த்து முடிப்பதற்குள் தலைநரைத்த தமையன்மாரும் எத்தனை பேர்! எல்லாவற்றுக்கும் மேலாக, போடியாரின் மகளுக்குக் கல்வீடும் வயலும் கிடைத்த அதே ஊரில், போடியாரின் வட்டையில் உழுத முல்லைக்காரனின் மகளுக்கு ஓலைக் குடில்தான் கிடைத்தது; தாழ்த்தப்பட்டவர்களுக்குக் கோயில் வாசலும் கிடைக்கவில்லை. காப்பதற்கு வீடு இல்லாதவளுக்கு வீட்டுரிமை எவ்வளவு தூரம் துணைநிற்கும்? அவளுடைய பிள்ளை, வந்தவனுக்குச் சொத்தாகத் தெரியாவிட்டாற் சுமையாகத் தெரிந்தது. எட்டு வயதில் யாரோ ஒரு துரைவீட்டுக்கு வேலைக்குப் போயிற்று. இதனையும் சேர்த்துத்தான் வழக்கத்தை நிறுக்க வேண்டும். ஆயினும் ஓர் உண்மை நிற்கிறது: கூரை பெண்ணின் பெயரில் இருந்த இடத்தில், அக் கூரையின் கீழிருந்த பிள்ளைக்கும் ஓரளவு காவல் இருந்தது.

4

இக்காவல் எவ்வாறு கரைந்தது? முதல் அடி கடதாசியில் விழுந்தது. 1876ஆம் ஆண்டின் 15ஆம் இலக்க விவாக உரிமை, மரபுரிமைக் கட்டளைச் சட்டம், கண்டியச் சட்டத்துக்கும் தேசவழமைக்கும் முஸ்லிம் சட்டத்துக்கும் புறம்பானவர்கள் அனைவரையும் பொதுச் சட்டத்தின் கீழ்க் கொண்டுவந்தது. தேசவழமை வடக்குக்கு உரியது. மட்டக்களப்பின் முக்குவர் சட்டத்துக்கோ விலக்கு அளிக்கப்படவில்லை; அதனால் அது வழக்கொழிந்தது. புதிய சட்டத்தின்படி மணமான பெண் தன் அசையாச் சொத்தைக் கைமாற்றுவதற்குக் கணவனின் எழுத்துமூலச் சம்மதம் வேண்டும். இந்நிலை 1923இல் வந்த மணமான பெண்களின் ஆதனச் சட்டத்தினால்தான் மாறியது. மற்றொரு விதியோ இன்றும் நிற்கிறது: உறுதியோ மரணசாசனமோ எழுதாமல் மனைவி இறந்தால், அவளுடைய சொத்தில் அரைப்பங்கு உயிரோடிருக்கும் கணவனைச் சேரும். கணவனை இழந்தவளுக்கும் அவ்விதி அவ்வாறே அரைப்பங்கு கொடுக்கிறது என்பது உண்மை. எனினும், அம்மம்மா கொடுத்த சீதன வீட்டிற் பாதி, சென்ற ஆண்டு வந்த இரண்டாங் கணவனுக்குப் போகக்கூடும் என்பதை எத்தனை தாய்மார் அறிவர்? ஹரி பவல் பொம்மையைக் கிழிக்க வேண்டியிருந்தது. இங்கே அதற்குக்கூடத் தேவையில்லை.

இரண்டாவது அடி நிலத்தில் விழுந்தது. 1935ஆம் ஆண்டின் 19ஆம் இலக்கக் காணி அபிவிருத்திக் கட்டளைச் சட்டத்தின் கீழ் அரச காணி பெற்ற குடும்பங்களில், பின்னுரிமை பெறுவோரின் பட்டியல் ஆண் பிள்ளைகளையே முன்வைத்தது. மகன் இருக்க மகளுக்கு இடமில்லை. 1949இல் வேலைகள் தொடங்கிய கல்லோயாத் திட்டத்தைப் போன்ற குடியேற்றங்களில், 'விவசாயி' என்றால் ஆண் என்பதே அதிகாரிகளின் அகராதி. இப் பால் வேறுபாட்டை நீக்கும் திருத்தம் பாராளுமன்றத்தில் நிறைவேற 2022ஆம் ஆண்டுவரை காத்திருக்க வேண்டியதாயிற்று. தாய்வழி மண்ணின் நடுவே அரசாங்கம் எண்பத்தேழு ஆண்டுகளாகத் தந்தைவழியை நட்டுவந்தது.

மூன்றாவது அடி போரும் கடலும். 1980களிலிருந்து 2009வரை நீண்ட போரில் வாவியின் இரு கரைகளும் பல்லாயிரம் ஆண்களை இழந்தன. ஊர்கள் இடம்பெயர்ந்தன, அம்மம்மாவின் வளவும் பெரியம்மாவின் வேலியும் ஒன்றையொன்று பிரிந்தன. 2004ஆம் ஆண்டு டிசெம்பர் 26ஆம் திகதி கடல் எழுந்து நாவலடியையும் கல்லடியையும் கல்முனையையும் மருதமுனையையும் துடைத்தெறிந்தது. பெண்களும் சிறுவர்களுமே கூடுதலாக மாண்டனர். கிழக்குக் கரையில் 200 மீற்றர் தூரத்துக்கு வீடு கட்டலாகாதென்று முதலில் அறிவிக்கப்பட்டது. சீதன வளவுகள் கடற்கரை மணலாய்க் கிடக்க, உள்நாட்டிற் புதிய குடியிருப்புகள் எழுந்தன. அவ்வீடுகளை யாருக்கு எழுதினார்கள்? 'குடும்பத் தலைவர்' என்னும் கூட்டுக்கு எதிரே கணவனின் பெயர் எழுதப்பட்டது. அழிந்தது அவளுடைய சீதன வீடு. கிடைத்தது அவனுடைய வீடு. மட்டக்களப்பின் பெண்கள் அமைப்புகள் இதற்கெதிராகக் குரலெழுப்பின. சில இடங்களிற் பலனும் கிடைத்தது. கூட்டுப் பெயரில் எழுத வேண்டுமென்றபோது, ஒருவர் பெயரிலேயே எழுதலாமென்று விதிகள் தடுத்த இடங்களும் உண்டு.

இதன் விளைவைச் சற்று எண்ணிப் பார்க்க வேண்டும். கடலிலே மனைவியை இழந்தவன், தன் பெயரிலுள்ள புதிய வீட்டுக்குப் புதிய மனைவியை அழைத்துவருகிறான். பிள்ளைகளின் தாய்வழியினர் எங்கோ வேறொரு குடியிருப்பில். வந்த பெண்ணும் தன் தாயின் வளவை இழந்தவளே. அவளுக்கும் பிடிமானம் அவன் ஒருவனே. கைகேயியின் கதைக்கு வேண்டிய மேடையை ஒரு விண்ணப்பப் படிவம் கட்டிமுடித்துவிட்டது! மற்றொரு வீட்டில் கணவனை இழந்த தாய். ஆண் துணையில்லாமற் சீவிக்கலாகாதென்று ஊர் சொல்கிறது. நம் ஊர்களிலும் ஐசி ஸ்பூன்களுக்குப் பஞ்சமில்லை. வருபவன் நல்லவனாயிருந்தால் நன்று. தீயவனாயிருந்தால் அவளை மத்திய கிழக்குக்குப் பணிப்பெண்ணாக அனுப்பிவிட்டு, அவள் அனுப்பும் பணத்துக்கும் அவள் பெற்ற பிள்ளைகளுக்கும் அவனே அதிகாரியாகிறான். அவ்வேளையில் அழைப்பதற்கு நான்கு வாசல்கள் இல்லை.

5

இத்தகைய கதைகளைக் கேட்கும்போது நம்மவர் சிலர் உடனே கூறும் முடிவொன்று உண்டு. 'இதற்குத்தான் விதவை மறுமணம் ஆகாது என்றார்கள்' என்பர். இதனைவிடக் கொடிய பிழை வேறில்லை. பெண்ணின் மறுமணத்தைத் தடுக்கும் பயமுறுத்தலாகப் பேய்க்கதையைப் பயன்படுத்துவது பழைய தந்திரம். பிறர் பெற்ற பிள்ளையைத் தோளிற் சுமந்து பாடசாலை வாசலுக்குக் கொண்டுவந்து விடும் தந்தையரை நான் ஆண்டுதோறும் காண்கிறேன். பெறாத பிள்ளைக்குப் புத்தகம் வாங்குவதற்காகத் தன் காதணியை அடகு வைத்த சிற்றன்னையரையும் அறிவேன். மனிதரின் இயல்பு இரத்தத்தில் எழுதப்பட்டதன்று. தீமைக்கு இடங்கொடுக்கும் வாசலே ஆராயத்தக்கது. அவ்வாசல், சொத்தும் அதிகாரமும் ஒருவன் கையிலேயே குவிந்து, பெண்ணும் பிள்ளையும் அவன் தயவில் நிற்கும்போது திறக்கிறது.

படத்தின் பிற்பகுதியை மீண்டும் நினைவுகூர்வோம். ஆற்றோடு மிதந்துவந்த பிள்ளைகளை ஒரு மூதாட்டி கரையேற்றுகிறாள். றேச்சல் கூப்பர் என்பது அவள் பெயர்; மௌனப்பட காலத்து நடிகை லிலியன் கிஷ் அவளாக நடித்தார். பொருளாதார மந்தம் தெருவில் எறிந்த பிள்ளைகள் பலரை அவள் தன் சொந்த வீட்டில், தன் தோட்டத்து விளைச்சலால் வளர்க்கிறாள். வேட்டைக்காரன் வாசலுக்கு வந்தபோது அவள் துப்பாக்கியை மடியில் வைத்து இரவு முழுவதும் விழித்திருக்கிறாள். அவன் பிள்ளைகளுக்கு உரிமை கோரிப் பேசும்போது, ஊரவர் எவரும் செய்யாத ஒன்றை அவள் செய்கிறாள்: ஜோனின் முகத்தைப் பார்த்து, அவன் சொல்லை நம்புகிறாள். வகுப்பறையில் அக்காட்சி வந்தபோது ஒருவன் மெல்ல "அம்மம்மா" என்றான். எல்லோரும் சிரித்தார்கள். அது சரியான விமர்சனம் என்பதை நான் பிறகே உணர்ந்தேன். சொந்தக் கூரையும், அயலாரின் நெருக்குதலுக்கு அஞ்சாத மனமும், பிள்ளையின் சொல்லைக் கேட்கும் செவியும் அவளிடம் இருந்தன. வில்லாவிடம் இல்லாதவை இவையே.

பிள்ளைகள் தேடிய தீர்வையும் படம் மறைக்கவில்லை. பவல் பிடிபடும்போது, தந்தை பிடிபட்ட அதே காட்சி மீண்டும் நிகழ்வதைக் கண்டு தாங்காத ஜோன், பொம்மையால் அவனை அடித்து, "இந்தா, எடுத்துக்கொள்" என்பதுபோல் அழுகிறான். பத்தாயிரம் டொலரும் மண்ணிற் சிதறுகிறது. குழந்தையின் தோளிற் பெரியோர் சுமத்திய சொத்தின் பாரத்தை, குழந்தையே இறக்கிவைக்கும் காட்சி அது.

அந்த மாணவிக்கு இப்போது என்னால் விடை கூற முடியும். மகளே, அந்த வீடு யாருடையதென்று அந்த ஊர் கேட்கவேயில்லை. அதனால்தான் அவளாற் போகச் சொல்ல முடியவில்லை. நீ கேட்டாய். உன் அம்மம்மாவும் அவளுடைய அம்மம்மாவும் பிடித்துவைத்திருந்த ஓர் உரிமை உன் நாவிற் கேள்வியாய் எஞ்சியிருக்கிறது. ஆனால் எஞ்சியிருப்பது கேள்வி மட்டுமே. உறுதி எந்தப் பெயரில் இருக்கிறதென்பதை நீ வீட்டிற் போய்ப் பார்க்க வேண்டும்.

ஆசிரியர்களாகிய நமக்கும் இதில் வேலையுண்டு. அரசாங்கம் வீடு கொடுக்கும்போது பெண்ணின் பெயரிலோ இருவர் பெயரிலோ கொடுக்க வேண்டுமென்று கேட்கும் சங்கங்களோடு நாமும் கையொப்பமிட வேண்டும். சீதன உறுதி, மரணசாசனம், அரைப்பங்கு என்பவற்றைத் தாய்மாருக்கு விளங்கும் தமிழில் எடுத்துச்சொல்ல வேண்டும். நிலமற்றவர்களுக்கு நிலம் என்னும் பழைய கோரிக்கையில் 'நிலமற்ற பெண்களுக்கும்' என்னும் சொல்லைச் சேர்க்க வேண்டும். இவற்றுக்கெல்லாம் முன்னதாக, வகுப்பின் கடைசி வாங்கில் வாய்திறவாமல் அமர்ந்திருக்கும் பிள்ளை என்றாவது ஒருநாள் வாய்திறந்தால், "அப்படியெல்லாம் இருக்காது, போய்ப் படி" என்று அனுப்பிவிடாமல், அதன் முகத்தைப் பார்த்துக் கேட்க வேண்டும்.